சுமந்துவேன்

செங்கமலத்துக்குப் பிள்ளை பிறந்தது ஆனி எட்டாம் தேதி. அவள் புருசன் பழனிவேல் மலையாளத்து அணை வேலையிலிருந்து ஊர் திரும்பியது தை மாதம், மாட்டுப் பொங்கலுக்கு மறுநாள். இடையில் ஐந்து மாதம். விரல் விட்டு எண்ணத் தெரிந்த எவருக்கும் இதற்குமேல் கேட்க ஒன்றும் இல்லை.

பிள்ளை நோஞ்சானாகவும் இல்லை. தலை நிறைய முடி, விரல் நுனியைத் தாண்டி வளர்ந்த நகம். தொப்புள்கொடி அறுத்த மருத்துவச்சி, "நல்லா வெளஞ்ச புள்ள" என்று வாய்விட்டுச் சொல்லிவிட்டு, சொல்லியிருக்க வேண்டாமோ என்று நாக்கைக் கடித்துக்கொண்டாள். பழனிவேலின் அக்கா ஆண்டாயி பிள்ளையை வாசல் வெளிச்சத்துக்குத் தூக்கிப் போய், சந்தையில் ஆட்டுக்குட்டியைப் பார்ப்பவள்போலப் புரட்டிப் புரட்டிப் பார்த்தாள். புருசன் செத்தபிறகு தம்பி வீட்டோடு வந்து இருப்பவள் அவள். அந்த வீட்டில் அவள் வைத்ததுதான் சட்டம்.

"பத்து மாசமும் நெறஞ்ச புள்ள. எந் தம்பி வந்து அஞ்சு மாசம் ஆவுது. மீதி அஞ்சு மாசத்துக்கு எவன்டி அப்பன்?"

செங்கமலம் தரையில் கிழிந்த சேலைமேல் கிடந்தாள். உதிரம் இன்னும் நிற்கவில்லை. "முழுசும் அவரு புள்ளதான் அண்ணி. கல்லுக் குழியில நாளு வேற மாதிரி ஓடுது" என்றாள்.

"ஏன், குழிக்குத் தனியா சூரியன் வாங்கி வச்சிருக்கீங்களா?"

வாசலில் காலை நீட்டி உட்கார்ந்திருந்த பழனிவேல் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தான். அணை வேலையில் பாறை உருண்டு அவன் இடது பாதத்தை நசுக்கிப் போட்டிருந்தது. அதோடு வந்தவன், ஐந்து மாதமாகப் பெண்டாட்டி கூலியில் சாப்பிட்டுக்கொண்டிருந்தான். அவன் எழுந்து உள்ளே வரவில்லை. பிள்ளை முகத்தையும் பார்க்கவில்லை. வலது கைக் கட்டை விரலால் மற்ற விரல்களின் கணுக்களைத் தொட்டுத் தொட்டு எண்ணிக்கொண்டிருந்தான். தையிலிருந்து ஆனி வரை எத்தனை தடவை எண்ணினாலும் ஐந்துதான் வந்தது.

அந்தக் குழி அரியலூருக்குத் தெற்கே நாலு கல் தொலைவில் இருந்தது. சுண்ணாம்புக்கல் குழி. கல்லைப் பிளந்தால் உள்ளே சங்கும் சிப்பியும் கிடக்கும். என்றைக்கோ செத்த நண்டு காலை விரித்தபடி ஒட்டிக்கொண்டிருக்கும். ஆண்கள் துளை போட்டு வேட்டு வைப்பார்கள். சிதறிய கல்லைப் பெண்கள் கூடையில் அள்ளித் தலையில் தூக்கி மேட்டில் குவியலில் கொட்டுவார்கள். இருபது பேரில் பதினாறு பேர் பெண்கள். மேஸ்திரி நடராசன் குழி மேட்டில் வேப்ப மரத்தடியில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பான். வேலை நடக்கும் நேரமெல்லாம் அவன் வாயிலிருந்து கெட்ட வார்த்தையும் வெற்றிலைச் சாறும் மாறி மாறி வரும்.

அவனை அவன் காதுபடவே திட்டுவதற்காகப் பிறந்ததுதான் குழிப்பேச்சு. அதை உண்டாக்கியவள் சிந்தாமணி. வாய்க்காரி. மேஸ்திரிக்கு ஓணான் என்று பெயர் வைத்தாள். வெயிலுக்கு மாமியா. வேட்டுக்குத் தும்மல். 'மாமியா ஏறிட்டா, ஓணான் தூங்குது' என்றால் உச்சி வெயில், மேஸ்திரி கண்ணயர்ந்துவிட்டான், கூடையை இறக்கு என்று அர்த்தம். பெயர்கள் போதாமல் போனபோது சொல்லின் வாலைத் திருகினாள். நடந்து முடிந்ததன் தலையில் நடக்கப் போவதன் வாலை ஒட்டினாள். செத்தான் என்றும் இல்லாமல் சாவான் என்றும் இல்லாமல், செத்துவான்.

"யாருடி செத்துவான்?" என்று மேட்டிலிருந்து கேட்டான் மேஸ்திரி.

"வெத்தலை இருக்கான்னு கேட்டேங்க. எங்க ஊர்ப் பக்கம் அப்படித்தான் சொல்லுவோம்."

"எந்த ஊரு?"

"வேப்பந்தட்டைங்க."

"மலையோரத்துப் பேச்சு" என்று காறித் துப்பினான். குழி முழுக்கக் கூடைக்கடியில் முகத்தை மறைத்துச் சிரித்தது. அன்றிலிருந்து வந்துவான், போயிவாள், தின்றுவோம் என்று எல்லாவற்றுக்கும் அந்த வால் ஒட்டிக்கொண்டது.

ஒருநாள் பொழுது இறங்கும் நேரத்தில் சிந்தாமணி காய்ச்சலோடு கல்மேல் சாய்ந்து, "முடியலடி, நான் தூங்கிவேன்" என்றாள். பக்கத்தில் நின்ற செங்கமலம் ஒரு தடவை கண்ணை இமைத்தாள். இமைத்துப் பார்த்தால் சிந்தாமணி முகம் குளித்து எழுந்தவள் முகம்போல இருந்தது. காய்ச்சல் இல்லை. கன்னத்தில் கல்லின் தடம் பதிந்திருந்தது. "விடியக்காலையிலேருந்து தூங்கி இப்பதான்டி எந்திரிக்கிறேன்" என்றாள். "குழியில ஒரு ஈ காக்கா இல்ல."

அப்படித்தான் தெரிந்தது. பொழுது சாயும்போது குழிக்குள் நின்று அந்த வாலோடு ஒரு சொல்லைச் சொன்னால், அன்றைய காலை திரும்ப வரும். சொன்னவர்கள் மட்டுமே அந்தக் காலையில் இருப்பார்கள். மேஸ்திரி இருக்க மாட்டான், அவன் நாற்காலி வெறுமனே கிடக்கும். ரோட்டில் பஸ் ஓடாது. கையில் என்ன இருக்கிறதோ அது கூடவே வரும். எந்தச் சொல்லைச் சொன்னார்களோ அந்தக் காரியத்தைத்தான் உடம்பு அன்று முழுக்கச் செய்யும். பொழுது இறங்கியதும் விட்ட இடத்துக்கே வந்து நிற்பார்கள். வெளியே இருப்பவனுக்கு அது கண் இமைக்கும் நேரம்.

ஒரு மாதம் அந்தப் பெண்கள் ராணிகளாக இருந்தார்கள். தினமும் ஒரு முழு நாள் தூக்கம். அந்தத் தெளிச்சிதான் காட்டிக்கொடுத்தது. சாயங்காலம் செத்த பிணமாகக் கரையேற வேண்டியவர்கள் பூத்த முகத்தோடு ஏறினால் எந்த மேஸ்திரிக்குப் பொறுக்கும்? அவன் அடிக்கவில்லை. குடிதண்ணீர் வண்டியை நிறுத்தினான். இரண்டாம் நாள் உச்சியில், நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்ட நிலையில் சிந்தாமணியே சொல்லிவிட்டாள். அவளைக் குறை சொல்ல ஆளில்லை. அவள் சொல்லாவிட்டால் இன்னும் அரைமணியில் வேறொருத்தி சொல்லியிருப்பாள்.

அதன்பிறகு சொல்லை மேஸ்திரி தேர்ந்தெடுத்தான். "தூங்குற சோலியெல்லாம் வூட்டுல. இங்க சொமக்கிற சோலிதான். எல்லாரும் சத்தமா, என் காதுல விழுற மாதிரி." அவர்கள் சொன்னார்கள். சுமந்துவோம். காலை திரும்பியது, சுமந்தார்கள். பொழுது இறங்கியது. மறுபடி சொல்லச் சொன்னான். இரண்டு திருப்பு. ஒரு நாளைக்கு மூன்று பகல். குவியல் மூன்று மடங்கு. கூலி ஒரு நாளுக்கு. மாட்டேன் என்றவள் மறுநாள் வர வேண்டியதில்லை. அந்த வருசம் மழை பொய்த்து, காட்டு வேலை எதுவும் கிடையாது. நாற்காலியில் இருந்தவனுக்கு இரண்டு இமைப்பு. வெற்றிலையைக்கூட மென்று முடித்திருக்க மாட்டான்.

இரண்டே வருசத்தில் அந்தப் பெண்களுக்கு முடி நரைத்தது. செங்கமலத்துக்கு அப்போது இருபத்து மூன்று வயது. அரியலூர்ச் சந்தையில் வளையல்காரன் அவளை 'வாங்க பெரியம்மா' என்றான்.

வயிற்றில் பிள்ளை உண்டானதை அவள் மறைத்துத்தான் வேலைக்குப் போனாள். வயிற்றுக்காரியை மேஸ்திரி சேர்க்க மாட்டான். வீட்டில் புருசன் கால் நசுங்கிக் கிடக்கிறான். சேலையை இறுக்கிக் கட்டிக்கொண்டு சுமந்தாள். மூன்றாம் மாதமே வயிறு ஆறு மாதத்துக்குத் தள்ளியபோது முதலில் பயந்தவள் சிந்தாமணிதான். அதற்கு முன்னால் வயிற்றோடு மூன்று பகல் பார்த்தவள் எவளும் இல்லை.

"அடியே, ஒன் வயித்துக்கும் சேத்துத்தான் பொழுது திரும்புது" என்றாள். "காலண்டரு ஒரு பக்கம் போவுது, ஒன் வயிறு ஒரு பக்கம் போவுது. நின்னுக்க."

நின்றால் சோறு? நிற்கவில்லை.

இதையெல்லாம் செங்கமலம், பிள்ளை பிறந்த மூன்றாம் நாள், பழனிவேலிடம் ஒன்றுவிடாமல் சொன்னாள். அவன் ஓலைத் தட்டிப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு கேட்டான்.

"குழிக்கு வாங்க மாமா. பொழுது சாயிறப்ப எங்கூட நில்லுங்க. ஒங்க கண்ணாலயே பாக்கலாம்."

"அந்தாளு குழியில நான் போயி நிக்கணுமா?"

'அந்தாளு' என்று அவன் சொன்ன விதத்திலேயே, யாரைச் சந்தேகப்படுகிறான் என்று அவளுக்குப் புரிந்துவிட்டது. மறுநாள் காலை பழனிவேல் நொண்டிக்கொண்டே போய் வேப்ப மரத்தடியில் நடராசன் முன்னால் நின்றான். என்ன கேட்டான் என்பது தெரியாது. நடராசன் சொன்ன பதில்தான் ஊருக்கே தெரிந்தது.

"நாளாவது திரும்புறதாவது. என்னய்யா கேணத்தனமா இருக்கு? ஒரு நாளுன்னா ஒரு நாளுதான். புள்ள யாரு சாடைன்னு வளந்தா தெரியப்போவுது."

பிள்ளைக்கும் தனக்கும் சம்பந்தம் இல்லை என்று நடராசன் ஒரு சொல் சொல்லியிருந்தால் போதும். சொன்னால் மூன்று பகல் கதையும் வெளியே வரும். அதைவிட, சொல்லாமல் இருப்பதில் அவனுக்கு ஒரு சுகமும் இருந்தது. குழியில் கல் சுமந்த மற்ற பதினைந்து பெண்களும் அதைக் கேட்டுக்கொண்டு குனிந்தபடி கல் அள்ளினார்கள். சிந்தாமணியும் வாய் திறக்கவில்லை.

அன்றிலிருந்து பழனிவேல் மாட்டுக் கொட்டாயில் படுத்தான். ஆண்டாயி சட்டியையும் தட்டையும் தனியாகப் பிரித்து வைத்தாள். தெருக் குழாயில் பெண்கள், அஞ்சு மாசத்துப் புள்ள எப்படி இருக்கு என்று கேட்டுவிட்டு ஒருத்தி முகத்தை ஒருத்தி பார்த்தார்கள். பிள்ளைக்குப் பெயர் வைக்கவில்லை. பெயர் வைக்க அப்பன் வேண்டும்.

பத்தாம் நாள் ஆண்டாயி முடிவாகச் சொன்னாள். "கதை எவ வேணா சொல்லலாம். எந் தம்பி இன்னொருத்திய கட்டிக்குவான். நீ ஒம் புள்ளயத் தூக்கிட்டு ஒங்கப்பன் வூட்டுக்கு நட. குழியில நாளு அப்படித்தான் ஓடுதுன்னா, அந்தப் புள்ளையே சொல்லட்டும்."

வாய்க்கு வந்ததைத்தான் ஆண்டாயி சொன்னாள். செங்கமலம் அதைப் பிடித்துக்கொண்டாள்.

"சொல்லும் அண்ணி. மேலத்தெரு அங்கமுத்து வூட்டுப் புள்ளையும் இதுவும் ஒரே வாரத்துல பொறந்துச்சு. நான் இவளத் தூக்கிக்கிட்டே வேலைக்குப் போறேன். ஐப்பசி வரைக்கும் பாருங்க. ரெண்டும் ஒண்ணா வளந்தா நானே போயிடுறேன்."

பழனிவேல் அப்போதுதான் முதல் தடவையாகத் திரும்பி அவளைப் பார்த்தான். "சரி. ஐப்பசி" என்றான்.

குழியில் சிந்தாமணி தலையில் அடித்துக்கொண்டாள். "பச்ச மண்ணுடி அது. ஒரு நாளைக்கு மூணு வெயிலு தாங்குமா? எங்கம்மாகிட்ட வுட்டுட்டு வா."

"வுட்டா எப்படிடி வளரும்?"

"வளந்து யாருக்குக் காட்டப் போற?"

"அவ அப்பனுக்கு."

மூன்று கடப்பாரையை முக்காலியாக நிறுத்தித் தூளி கட்டினாள். பொழுது சாயும்போது தூளியிலிருந்து எடுத்து இடுப்பில் வைத்துக்கொண்டு சொல்லைச் சொன்னாள். காலை திரும்பியதும் மறுபடி தூளி. சுமக்கிறேன் என்று சொன்ன உடம்பு உட்காராது. கூடையை இறக்கிவிட்டுத் திரும்பும் நடையில், நடந்தபடியே பால் கொடுத்தாள். வெயிலில் பிள்ளையின் தோல் உரிந்தது. உரிந்த இடத்தில் சுண்ணாம்புத் தூள் ஒட்டி எரிந்தது. இரண்டாம் பகலில் அழுவாள், மூன்றாம் பகலில் அழத் தெம்பு இருக்காது. நடராசன் தடுக்கவில்லை. குவியல் குறையாதவரை அவனுக்கு என்ன?

செங்கமலம் தினமும் சாயங்காலம் பிள்ளையின் ஈறில் விரலை விட்டுத் தடவிப் பார்ப்பாள். மற்ற தாய்மார்கள் பல் முளைக்கிறதா என்று ஆசையில் பார்ப்பார்கள். இவள் கருவேல முள்ளைத் தடவிப் பார்ப்பதுபோலப் பார்த்தாள். ஆவணி கடைசியில் ஒருநாள் விரல் நுனியில் அரிசிபோல ஒன்று தட்டியது. குழியிலேயே நின்று வாய்விட்டுச் சிரித்தாள்.

ஐப்பசி பிறந்த அன்று காலை ஆண்டாயியே போய் அங்கமுத்து வீட்டுப் பிள்ளையைத் தூக்கி வந்தாள். தெருவில் கோரைப்பாயை விரித்து இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் போட்டார்கள். தெரு கூடிவிட்டது. அங்கமுத்து வீட்டுப் பிள்ளை கொழுகொழுவென்று இருந்தது. முக்கி முனகிக் குப்புற விழுந்து, தலையைத் தூக்க முடியாமல் பாயில் எச்சில் வடித்தது. செங்கமலத்தின் பிள்ளை தானாக எழுந்து உட்கார்ந்தது. கூட்டத்தை ஒரு சுற்றுப் பார்த்தது. பிறகு கையை ஊன்றித் தவழ்ந்து பாயைத் தாண்டிப் போய், நீட்டியிருந்த பழனிவேலின் நசுங்கிய காலைப் பிடித்து அதன் கட்டை விரலைக் கடித்தது. கீழே இரண்டு பல், மேலே ஒன்று.

பழனிவேல் பிள்ளையின் வாயைத் திறந்து பார்த்தான். அங்கமுத்து வீட்டுப் பிள்ளையின் வாயையும் திறந்து பார்த்தான். மறுபடி விரல் கணுக்களை எண்ணினான். இப்போது கணக்கு வேறுமாதிரி வந்திருக்க வேண்டும். பிள்ளையைத் தோளுக்குத் தூக்கினான்.

"எம் புள்ளதான்" என்றான் தெருவைப் பார்த்து. "எவனாவது இனிமே வாயத் தொறந்தீங்க, நொண்டிக் கால்னு பாக்க மாட்டேன்."

மலர்கொடி என்று பெயர் வைத்தான். ஆண்டாயி பிரித்து வைத்த சட்டியை எடுத்து ஒன்றாக அடுக்கினாள். குழியில் நாள் மூன்று மடங்கு ஓடுகிறது என்பது அன்று தெருவுக்கே தெரிந்துபோனது. அதை நிறுத்தச் சொல்லி நடராசனிடம் யாரும் போகவில்லை. குழியில் சுமப்பவர்களின் வீட்டுக்காரர்களும் போகவில்லை. பிள்ளை பழனிவேலுடையதா இல்லையா என்பதுதான் ஊருக்கு வழக்காக இருந்தது. அது தீர்ந்துவிட்டது.

மறுநாள் காலை செங்கமலம் வெறும் கூடையோடு கிளம்பினாள்.

"புள்ளய அண்ணி பாத்துக்கட்டும் மாமா. நெருப்பா காயுது அங்க."

பழனிவேல் அப்போது மலர்கொடியை மடியில் வைத்து வாய்க்கு வாய் கேழ்வரகுக் கூழ் ஊட்டிக்கொண்டிருந்தான். அவ்வளவு பிரியம் அவனிடம் அவள் பார்த்ததே இல்லை.

"அதெப்படி நிறுத்துறது?" என்றான். "இப்ப நிறுத்துனா அந்தப் புள்ள இவள எட்டிப் புடிச்சிரும்."

"புடிச்சா என்ன?"

"அடுத்த வருசம் ரெண்டும் ஒரே மாதிரி ஓடும். ஊரு என்னன்னு பேசும்? என்னமோ கண்கட்டு வித்தை காட்டுனாங்கன்னு பேசும். இவ முன்னாடியே போய்க்கிட்டு இருக்கணும்டி. அப்பத்தான் எம் புள்ள." கூழைத் துடைத்துவிட்டான். "அதுவுமில்லாம யோசிச்சுப் பாரு. அஞ்சு வருசத்துல பத்து வயசு. கூடை தூக்கிரும். நம்ம காலத்துலயே நமக்குச் சோறு போடும்."

"அஞ்சு வருசத்துல அஞ்சு வயசு போதும் மாமா."

"நீதானடி கொண்டு போன. நான் கொண்டு போவச் சொன்னனா?"

அவன் அன்றே நடராசனைப் போய்ப் பார்த்தான். நாலு மாதத்துக்கு முன் யாரைக் கொல்ல நினைத்தானோ அவனிடம் கும்பிடு போட்டு வேலை கேட்டான். உட்கார்ந்து சல்லி உடைக்கிற வேலை, கால் தேவையில்லை. பிள்ளையையும் பக்கத்திலேயே வைத்துப் பார்த்துக்கொள்வான். அவன் சொல்ல வேண்டிய சொல் 'உடைச்சுவேன்'. மூன்று நாள் வீட்டில் உட்கார்ந்து அதைப் பழகினான். உடைச்சேன் என்று வரும், உடைப்பேன் என்று வரும், இரண்டும் ஒட்டாது. மலர்கொடி அவன் வாயைப் பார்த்துச் சிரிக்கும். "அப்பனக் கிண்டலாடி பண்ணுற?" என்று அதன் வயிற்றில் முகத்தை வைத்துத் தேய்ப்பான்.

நாலாம் நாள் பொழுது சாயும்போது குழியில் எல்லாரும் வரிசையாக நின்றார்கள். முதல் பகல் முடிந்திருந்தது. பழனிவேல் சுத்தியலை ஒரு கையிலும் பிள்ளையை ஒரு கையிலும் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். செங்கமலம் போய்க் கையை நீட்டினாள்.

"குடுங்க, பாலு குடிக்கட்டும்."

"சொல்லிட்டு அங்க போயிக் குடு."

"நான் சொல்லப் போறதில்ல மாமா. இவளையும் சொல்லுக்குள்ள கொண்டு போவாதீங்க. குடுங்க."

மேட்டிலிருந்து நடராசன், "ம், சொல்லுங்கடி" என்று கத்தினான். சுமந்துவோம் என்றார்கள் பெண்கள். உடைச்சுவேன் என்றான் பழனிவேல். அன்று அவன் நாக்கு பிசகவில்லை. செங்கமலம் உதட்டைக் கடித்துக்கொண்டு நின்றாள்.

கண் இமைத்தது.

நீட்டிய கை நீட்டியபடியே இருந்தது. எதிரே பழனிவேல் சட்டை நனைந்து, முகமெல்லாம் தூசியோடு சுத்தியலைப் பிடித்துக்கொண்டிருந்தான். அவன் பக்கத்தில் கல்மேல் கிடந்தது பிள்ளை. ஒரு நிமிசம் முன்னால் கொழு கன்னத்தோடு அவளைப் பார்த்துத் தாவியது. இப்போது கண் உள்ளே போயிருந்தது. உதடு வெடித்திருந்தது. வாய் திறந்திருந்தது, சத்தம் இல்லை. முழுப் பகல். ஒரு சொட்டுப் பால் இல்லாமல்.

"கை சுத்தியல வுடலடி" என்றான் பழனிவேல். அவன் குரலே மாறியிருந்தது. "தூக்கலாம்னு பாக்குறேன், கை ஒடைச்சுக்கிட்டே இருக்கு."

சிந்தாமணி அழுதாள். "நாந்தான்டி கூடையில போட்டு நாலு நடை சொமந்தேன். சொமக்கிறதத் தவிர இந்தக் கைக்கு வேற என்ன வருது? எனக்குப் பாலா இருக்கு?"

செங்கமலம் பிள்ளையை வாரி எடுத்து மாரில் வைத்தாள். பிள்ளைக்குக் கவ்வத் தெம்பில்லை. மேட்டில் நடராசன் கையைத் தட்டினான். "ரெண்டாவது திருப்பு. ஆவட்டும், ஆவட்டும்."

சொல்லாமல் இங்கேயே நின்றுவிடலாம். நின்றால் இன்று தப்பும். பழனிவேல் ஏற்கெனவே கையை நீட்டிக்கொண்டிருந்தான், "குடு, நேரமாவுது" என்று. அவன் பிடுங்கிக்கொண்டு போனால் இன்னொரு பகல். அதற்குப் பிள்ளை இருக்காது.

எல்லாரும் சுமந்துவோம் என்றார்கள். அந்தச் சத்தத்துக்குள்ளே செங்கமலம், குழியில் அதுவரை எவளும் சொல்லாத ஒரு சொல்லைச் சொன்னாள். "குடுத்துவேன்."

காலை வந்தது. அவள் கால் தானாக மடிந்து உட்கார்ந்தது. குழியில் அவள் உட்கார்ந்து இரண்டு வருசம் ஆகியிருந்தது. பாலை விரலால் பீய்ச்சி உதட்டை நனைத்தாள். நாலைந்து தடவை நனைத்தபிறகு பிள்ளை நாக்கை நீட்டியது. பிறகு கவ்வியது. குடித்துக் குடித்து வயிறு முட்டி முகத்தைத் திருப்பிக்கொண்டது. அவள் கை விடவில்லை. கொடுப்பேன் என்று சொன்ன கை, திரும்பத் திரும்ப முகத்தை மாரில் அழுத்தியது. பிள்ளை கக்கியது, தூங்கியது, எழுந்தது, மறுபடி குடித்தது. உச்சிப் பொழுதுக்குப் பால் வற்றியது. காம்பில் பல் பட்டு ரத்தம் வந்தது. சுற்றிலும் மற்றவர்கள் சுமந்தார்கள். ஒருத்தியும் அவளை ஒன்றும் சொல்லவில்லை. பழனிவேல் மட்டும் உடைத்துக்கொண்டே, "குவியலு கொறையும்டி, அவன் கண்டுபுடிச்சிருவான்" என்று நாலைந்து தடவை சொன்னான்.

பொழுது இறங்கியது. நடராசன் நாற்காலியை விட்டு எழுந்து வந்தான். குவியலை ஒரு சுற்று நடந்தான். அவனுக்கு அளவுகோல் வேண்டாம், கண்ணே போதும். "ஒருத்தி பங்கு கொறையுதே" என்றான். வரிசையில் ஒவ்வொருத்தி தலையையும் பார்த்தான். எல்லார் தலையிலும் சும்மாடு நனைந்து வெள்ளையாக இருந்தது. செங்கமலத்தின் தலை காய்ந்திருந்தது. பிள்ளையின் வாயோரம் பால் ஒட்டியிருந்தது.

அவன் கோபப்படவில்லை. பழனிவேல் பக்கம் திரும்பினான். "ஒம் பொண்டாட்டி நாளையிலேருந்து வேணாம். எனக்குத் தெரியாத சொல்லெல்லாம் பேசுறா. நீ வா. புள்ளையையும் தூக்கியா, எம் பக்கம் ஒண்ணும் தடையில்ல. நாளைப் பின்ன கூடை தூக்குறதுக்கு ஆளு வேணுமில்ல."

"சரிங்க" என்றான் பழனிவேல்.

"புள்ளைக்குப் பாலு வேணுங்க" என்றாள் செங்கமலம்.

"பல்லு வந்துருச்சாமே. ஊரே பாத்துச்சாமே" என்றான் நடராசன்.

மறுநாள் வேலைச் சங்கு ஊதும் வரை அவள் குழி மேட்டில் உட்கார்ந்து பால் கொடுத்தாள். சங்கு ஊதியதும் பழனிவேல் வந்து பிள்ளையை வாங்கிக்கொண்டான். முரட்டுத்தனமாக வாங்கவில்லை. தலையில் துணியைச் சுற்றி, கூழை ஒரு பாட்டிலில் ஊற்றி எடுத்துக்கொண்டுதான் இறங்கினான். "நான் திரும்பித் திரும்பிப் பாத்துக்குவேன்" என்றான். "ஒரு நாளைக்கு ரெண்டு திருப்புதான?"

அவளைக் குழிக்குள் விடவில்லை. வேலிக் கல்லோரம் பகல் முழுக்க நின்றாள். பொழுது இறங்கும் நேரத்துக்கு மலர்கொடி அழ ஆரம்பித்தது. நல்ல கனத்த குரல், மேடு வரை கேட்டது. கீழே பெண்கள் வரிசையில் நின்றார்கள். நடராசன் கையைத் தட்டினான்.

அழுகை நடுவில் ஒரு முடிச்சு விழுந்ததுபோல நின்று, அடுத்த மூச்சில் கம்மிப்போன குரலில் தொடர்ந்தது. அவன் இன்னொரு தடவை கையைத் தட்டினான்.